வாசகர் கேள்விகள்: நிசிக்கொடி யாருக்காக ஒளிர்கிறது?

கேள்வி: கற்பனை உலகில் நடக்கும் நாவல் ஒன்றை எழுதி வருகிறேன். அதில் 'நிசிக்கொடி' என்றொரு கொடி. பொழுது சாய்ந்ததும் காடு முழுக்க நீல வெளிச்சம் பரப்பும். தீவட்டி இல்லாமலே படைகள் அந்த வெளிச்சத்தில் நடந்து போகும். உலகில் இப்படி ஒரு செடியே இல்லை, இது அபத்தம் என்கிறாள் என் தோழி. கொடியை எடுத்துவிடட்டுமா?

பதில்: எடுக்காதீர்கள் அம்மா. தோழி சொன்ன தகவல் சரிதான். தரையில் வளரும் செடிகளில் தானாக ஒளிரும் இனம் எதுவும் இதுவரை அறியப்படவில்லை. காளான்களில் நூற்றுக்கும் மேற்பட்ட இனங்கள் ஒளிர்கின்றன, ஆனால் காளான் செடி வகையில் சேராது. கடலில் ஒற்றைச் செல் உயிர்கள் அலை மோதும்போது மின்னுகின்றன. செடிக்கு அந்த வரம் வாய்க்கவில்லை. வாய்க்காத இடத்தில்தானே கற்பனைக்கு வேலை!

என் கவலை வேறு. நீங்கள் அனுப்பிய பக்கங்களை இரண்டு முறை படித்துவிட்டேன். நிசிக்கொடி யாருக்காக ஒளிர்கிறது என்பதற்கு அவற்றில் விடை இல்லை. மணமோ தேனோ நிறமோ, செடி எதையும் சும்மா செய்வதில்லை. பிரேசிலில் பனை இன மரங்களின் அடியில் நியோனோதோபானஸ் கார்ட்னெரி என்ற ஒளிர் காளான் முளைக்கிறது. அதன் ஒளி உள்ளே ஓடும் ஓர் உயிர்க்கடிகாரத்துக்குக் கட்டுப்பட்டு இரவில் கூடுவதை 2015இல் வெளியான ஆய்வு காட்டியது. ஆய்வாளர்கள் பிளாஸ்டிக்கில் காளான் செய்து, அதற்குள் பச்சை எல்.இ.டி. விளக்கு பொருத்திக் காட்டில் வைத்தார்கள். விளக்கில்லாத போலிக் காளானைவிட அதைத் தேடி அதிகப் பூச்சிகள் வந்தன. வந்த பூச்சிகள் காளானின் வித்துகளைச் சுமந்து பரப்பக்கூடும் என்பது அவர்கள் கருத்து. உங்கள் கொடிக்கும் ஒரு விருந்தாளியைப் படையுங்கள். ஏதோ ஒரு விட்டில், இரவில் மட்டும் பறக்கும் ஒரு சிறு வண்டு, எதுவானாலும் சரி. அந்த விட்டில் அழிந்துபோன பள்ளத்தாக்கில் கொடி என்ன ஆகும்? எனக்கு அந்த அத்தியாயத்தைப் படிக்க ஆசை.

அடுத்தது, வெளிச்சத்துக்கு ஆகும் செலவு. பகலில் இலை சேர்த்த சர்க்கரையிலிருந்துதான் இரவின் ஒளிக்கும் கூலி கொடுத்தாக வேண்டும். நான்கு நாள் விடாமல் மழை பெய்து சூரியனே வராவிட்டால் கொடி மங்கும். மிகப் பிரகாசமாக ஒளிரும் கொடிக்கு வேர் மெலிந்திருக்கும், விதை குறைந்திருக்கும். இவை கதைக்கு இடைஞ்சல் என்று நினைக்காதீர்கள். ஊரார் எந்தக் கொடியை நம்பி எப்போது புறப்படுவது என்று தீர்மானிப்பதற்கு இவைதான் காரணங்களாக அமையும்.

படை நடந்து போகும் காட்சியை மட்டும் மாற்றத்தான் வேண்டும். உயிரினங்கள் தாமே உமிழும் ஒளி, அதாவது உயிரொளி, மிக மெல்லியது. இருளுக்கு நம் கண் நன்றாகப் பழக இருபது முப்பது நிமிடம் பிடிக்கும். நடுவில் ஒரு தீவட்டி தெரிந்தால் போதும், பழகியதெல்லாம் வீண். இதை அப்படியே எடுத்துக்கொள்ளுங்கள்: ஆயிரம் தீவட்டிகளோடு அரசனின் படை அதே காட்டைக் கடக்கிறது, ஒருவன் கண்ணிலும் கொடி படவில்லை. கையில் வெளிச்சம் இல்லாமல் தப்பி ஓடிவரும் உங்கள் நாயகி புதருக்குள் பதுங்கி அரை மணி நேரம் கிடக்கிறாள். மெல்ல மெல்ல அவளுக்கு மட்டும் பாதை தெரியத் தொடங்குகிறது. விளக்கோடு வருபவருக்குக் கண்ணில் படாத கொடி இது. இந்த ஒன்றுக்காகவே நிசிக்கொடி நாவலில் இருக்க வேண்டும் என்பேன்.

கேள்வி: நீலம் பொருத்தமான நிறம்தானா? (அதே வாசகி)

பதில்: கடலுக்குப் பொருத்தம். தண்ணீருக்குள் நீலம்தான் அதிகத் தூரம் செல்லும், அதனால் கடல் உயிர்கள் பலவும் நீலத்தில் ஒளிர்கின்றன. தரையில் காளான் பச்சை, மின்மினி பெரும்பாலும் மஞ்சள் கலந்த பச்சை. நீலம்தான் வேண்டுமென்றால் அந்த விட்டிலின் கண்ணுக்கு நீலம் பிடிக்கும் என்று ஒரு வரி எழுதிவிடுங்கள், போதும். இன்னொன்றையும் கவனியுங்கள். அரை இருட்டில் நம் கண் நிறத்தைப் பிரித்தறியாது. ஆகவே நாயகிக்கு முதலில் சாம்பல் வெளுப்பாகத்தான் தெரியும். நேராக உற்றுப் பார்த்தால் மறையும், பார்வையைச் சற்றே விலக்கினால் துலங்கும். கண்ணின் நடுப்பகுதியில் மங்கல் ஒளியை உணரும் செல்கள் இல்லாததே காரணம்.

கேள்வி: என் கதையில் இளவரசன் ஒளிரும் செடியைக் கண்ணாடிக் குடுவையில் அடைத்துக்கொண்டு போகிறான். சரியா?

பதில்: மூடியைத் திறந்தே வைக்கச் சொல்லுங்கள். உயிரொளிக்குப் பொதுவாக ஆக்சிஜன் வேண்டும். விஞ்ஞானி ராபர்ட் பாயில் 17ஆம் நூற்றாண்டிலேயே, ஒளிரும் உளுத்த மரத்துண்டைக் குடுவையில் வைத்துக் காற்றை உறிஞ்சிப் பார்த்தார். ஒளி அணைந்தது. காற்றை உள்ளே விட்டதும் திரும்பியது.

கேள்வி: நிஜமாகவே யாரும் ஒளிரும் செடியை உருவாக்கவில்லையா? (பள்ளி மாணவன்)

பதில்: உருவாக்கிவிட்டார்கள் தம்பி. 1986இல் மின்மினியின் மரபணு ஒன்றைப் புகையிலைச் செடியில் சேர்த்தார்கள். ஒளிக்கு எரிபொருள் போன்ற லூசிஃபெரின் என்ற பொருளை வெளியிலிருந்து ஊட்டினால்தான் அது ஒளிர்ந்தது, அதுவும் புகைப்படச் சுருளில் நெடுநேரம் பதிவு செய்தால்தான் தெரிந்தது. 2020இல் வந்த புகையிலைச் செடி வேறு ரகம். ஒளிர் காளானின் மரபணுக்களை ஏற்ற அந்தச் செடி, எல்லாச் செடிகளிலும் இருக்கும் காஃபிக் அமிலத்திலிருந்தே தன் ஒளியைத் தயாரித்துக்கொண்டது. யாரும் எதையும் ஊட்ட வேண்டியதில்லை, வெறும் கண்ணுக்கே பச்சையாகத் தெரியும். அதே வழியில் உருவான பெட்டூனியா பூச்செடி 2024இல் அமெரிக்காவில் விற்பனைக்கே வந்துவிட்டது. அதில் முதிர்ந்த இலைகளைவிட இளந்தளிரும் மொட்டும் பிரகாசமாக ஒளிரும். மேலே கேட்ட நாவலாசிரியைக்கும் இது உதவும்: நிசிக்கொடியின் நுனி எந்தப் பக்கம் வளர்கிறதோ, அந்தப் பக்கம்தான் வெளிச்சம் அதிகம்.