சரித்திரப் படத்துக்கு ஆலோசகர்: கேளுங்கள், சொல்கிறேன்

பாளையங்கோட்டைக்காரன். பாளையக்காரர் காலத்துப் படங்கள், ஆவணப்படங்களுக்குச் சரித்திர ஆலோசகராக வேலை பார்க்கிறேன்.

கேள்வி: அண்ணாச்சி, கட்டபொம்மன் கதை என்றால் முதலில் எதைப் பார்ப்பீர்கள்?

மரத்தை. வசனமெல்லாம் அப்புறம். லொக்கேஷன் பார்க்கப் போன மானேஜர் 'அசல் கரிசல் பூமி சார்' என்று போட்டோ அனுப்புவார், பார்த்தால் முழுக்கச் சீமைக்கருவேலம். அது நம் காடுகளை மூடியதே போன நூற்றாண்டில்தான். கட்டபொம்மன் தூக்கிலேறிய 1799க்குப் பனையும், குடை விரித்த மாதிரி நிற்கிற உடைமரமும் வேண்டும். கயத்தாறில் எடுத்தால் பின்னால் காற்றாலை சுற்றும், அதைக் கம்ப்யூட்டரில் அழித்துவிடலாம். கருவேலங்காட்டை அழிக்க பட்ஜெட் காணாது. கயத்தாறில் தூக்குமேடை செட் போட்டுவிடாதீர்கள், கட்டபொம்மனைத் தூக்கிலிட்டது புளியமரத்தில் என்பதுதான் வழிவழியாகச் சொல்வது.

கேள்வி: பாஞ்சாலங்குறிச்சிக் கோட்டையிலேயே எடுக்கலாமா?

இப்போது நிற்பது 1974ல் அரசு கட்டிய நினைவுக்கோட்டை. பழையது மண்கோட்டை, 1801ல் இடித்துத் தரைமட்டமாக்கிவிட்டார்கள். செட் போடுங்கள், கருங்கல் மதில் வேண்டாம்.

கேள்வி: கும்பினிப் படைக்கு, அதாவது கிழக்கிந்தியக் கம்பெனிப் படைக்கு, பிரிட்டிஷ் கொடியான யூனியன் ஜாக் சரிதானே?

இதைக் கேட்டதற்கே உங்களுக்கு ஒரு டீ வாங்கித் தரலாம். இன்றைய கொடியில் மூலைக்கு மூலை போகிற சிவப்புக் கோடு அயர்லாந்துக்கானது. அயர்லாந்தைப் பிரிட்டனோடு இணைத்தது 1801 ஜனவரி 1ல்தான் நடைமுறைக்கு வந்தது. ஆகவே 1799ல் கும்பினித் தளபதி பானர்மன் படைக்குப் பின்னால் அந்தக் கோடு தெரியக் கூடாது. சரி, கட்டபொம்மன் தம்பி ஊமைத்துரை கோட்டையை மறுபடி எழுப்பிச் சண்டை போட்ட 1801க்குப் புதுக் கொடி போடலாமே என்பீர்கள். லண்டனிலிருந்து கப்பலில் சேதி வரவே மாதக்கணக்காகும், கோட்டை விழுந்தது மே மாதம். அப்போதும் பழைய கொடிதான் பறந்திருக்கும் என்பது என் கணக்கு. துப்பாக்கியும் அப்படித்தான். சிப்பாய் காகிதத் தோட்டாவைப் பல்லால் கடித்து, மருந்தைக் கொட்டி, கம்பியால் இடித்து, அப்புறம்தான் சுடுவான். நிமிஷத்துக்கு 2, 3 குண்டு, அவ்வளவுதான்.

கேள்வி: கட்டபொம்மன் ஒரிஜினல் போட்டோ கிடைக்குமா?

போட்டோகிராபி உலகத்துக்கு வந்ததே 1839ல். கிடைக்காது.

கேள்வி: எட்டப்பன் வேடத்துக்கு எப்படிப்பட்ட வில்லன் பொருத்தம்?

எந்த எட்டப்பன்? அது எட்டயபுரம் பாளையக்காரர்களின் பட்டப்பெயர், வழிவழியாக வருவது. எல்லைத் தகராறு இருந்தது, கும்பினிப் பக்கம் நின்றார்கள், மறுக்கவில்லை. ஆனால் ஆளைப் பிடித்துக் கொடுத்தது புதுக்கோட்டைத் தொண்டைமான்.

கேள்வி: நான் புதுக்கோட்டை. ஒரு ஊரையே துரோகி என்கிறீர்களா?

ஊரை எங்கே சொன்னேன் தம்பி? அரசரைச் சொன்னேன்.

கேள்வி: அப்போ எட்டயபுரத்துக்காரர்களுக்கு வக்காலத்தா? நீங்கள் எந்த ஆட்கள்?

இதற்குத்தான் காத்திருந்தேன். சாதியை இழுக்கிறவர்கள் டீக்கடையில் போய்ச் சண்டை போடுங்கள். அடுத்தது.

கேள்வி: கலெக்டர் ஆஷ் கொலையைக் குறும்படமாக எடுக்கிறோம். மணியாச்சி ஸ்டேஷனில் பெர்மிஷன் வாங்கலாமா?

வாங்கி என்ன செய்ய? 1911 ஜூன் 17ல் ஓடியது மீட்டர்கேஜ். இப்போது அகலப் பாதை, தலைக்கு மேலே மின்கம்பி. ஆஷ் உட்கார்ந்திருந்தது முதல் வகுப்புப் பெட்டியில். அதன் உள்பக்கத்தை மட்டும் செட் போட்டால் முக்கால்வாசிப் படம் முடிந்தது. அவரைச் சுட்ட வாஞ்சி கையில் ரிவால்வர் கொடுக்காதீர்கள், அது ப்ரௌனிங் பிஸ்டல். ஜன்னலுக்கு வெளியே, மறுபடி சொல்கிறேன், சீமைக்கருவேலம் வேண்டாம்.

கேள்வி: கட்டபொம்மனின் நிஜ முகம் எப்படி...

மேலே போய்ப் படியுங்கள்.

கேள்வி: இந்த வேலைக்கு வர ஆசை. சம்பளம்?

படத்துக்குப் படம் மாறும். ஸ்கிரிப்ட் எழுதும்போதே கூப்பிட்டால் கொஞ்சம் குறைவாகக் கொடுத்தாலும் போங்கள். டப்பிங் நடக்கும்போது கூப்பிட்டால் டைட்டிலில் போட உங்கள் பெயர் மட்டும்தான் வேண்டும் அவர்களுக்கு, முழுப் பணத்தையும் முன்னாடியே வாங்கிவிடுங்கள்.