பிகட் பட்டம் 1777இல் அற்றுப்போனதா, தம்பிக்குப் போனதா?

கேள்வி: சென்னை கவர்னர் ஜார்ஜ் பிகட் இறந்ததும் அவர் பட்டம் அற்றுப்போனது என்கிறது ஒரு நூல். தம்பி ராபர்ட் பட்டத்துக்கு வந்தார் என்கிறது இன்னொன்று. எதை எழுதுவது?

பதில்: இரண்டையும் எழுதலாம். பிகட்டுக்கு இரண்டு பட்டங்கள் இருந்தன.

முதலாவது, 1764இல் கிடைத்த பாரனெட் பட்டம். இதற்கு 'சர்' என்ற முன்னொட்டு மட்டுமே உண்டு. பிரபு வரிசையில் சேராது. இவருக்கு ஆண் வாரிசு இல்லையென்றால் தம்பிகள் ராபர்ட், ஹியூ வழிக்குப் போகலாம் என்று பட்டயத்திலேயே சலுகை இருந்தது. இரண்டாவது, 1766இல் கிடைத்த அயர்லாந்துப் பிரபு பட்டம். அதில் அந்தச் சலுகை இல்லை. முறையான திருமணத்தில் பிறந்த மகன் வேண்டும். பிகட் மணம் செய்துகொள்ளவில்லை. பிள்ளைகள் இருந்தும், மணத்துக்கு வெளியே பிறந்ததால் சட்டம் அவர்களை ஏற்கவில்லை. 1777 மே 11 அன்று சென்னையில் காவலில் இருந்தபடியே இறந்தார். பதினோரு ஆண்டே இருந்த பட்டம் ஒரே ஆளோடு முடிந்தது.

அவருக்கும் அயர்லாந்துக்கும் என்ன தொடர்பு என்று கேட்கலாம். பெரிதாக ஒன்றுமில்லை. பட்டத்தில் 'டப்ளின் கவுண்டி, பாட்ஷல்' என்றிருக்கும். உண்மையான பாட்ஷல் இங்கிலாந்தின் ஸ்டாஃபோர்டுஷயரில் அவர் வாங்கிய எஸ்டேட். அயர்லாந்துப் பிரபுவுக்கு லண்டன் பிரபுக்கள் சபையில் இடம் கிடையாது என்பதால், அவர் காமன்ஸ் சபையில் தொடரலாம். பிகட்டும் பிரிட்ஜ்நார்த் உறுப்பினராக இருந்தார். அரசுக்குச் செலவில்லாத வெகுமதி!

எழுதும்போது இரண்டு இடங்களில் சறுக்கும். 'இரண்டாம் லார்டு பிகட்' என்று யாரும் கிடையாது. 'சர் ராபர்ட் பிகட், இரண்டாம் பாரனெட்' என்றே எழுதுங்கள். 1758-59இல் பிரெஞ்சுக்காரர் சென்னையை முற்றுகையிட்டபோது கவர்னராக இருந்தவரும் இவர்தான். ஆனால் அப்போது அவர் வெறும் ஜார்ஜ் பிகட். அங்கே 'லார்டு' போட்டால் காலப்பிழை.

சரிபார்க்க, கோகெய்ன் தொகுத்த பிரபுக்கள் அகராதியையும் பாரனெட் அகராதியையும் தனித்தனியாகப் பாருங்கள். ஒன்றை மட்டும் புரட்டினால் பாதிக் கதைதான் கிடைக்கும். அயர்லாந்தின் பழைய அரசு ஆவணங்களில் பெரும்பகுதி 1922இல் டப்ளினில் எரிந்துவிட்டதால், மூலச் சுருளைத் தேடி அலைவதைவிட இது மேல்.