திருடனுக்கா, அம்மாவுக்கா?

கே: ஓசூரில் ஒரு கம்பெனியில் வேலை பார்க்கிறேன். காவேரிப்பட்டணம் பக்கம் நிலத்து வீட்டில் அம்மா தனியாக இருக்கிறார். திருட்டு பயத்தால் வாசல், திண்ணை, கூடம், சமையல்கட்டு என நான்கு கேமரா மாட்டி, போனில் பார்த்துக்கொள்கிறேன். 'மத்தியானம் வந்தது யார்?' என்று ஒருநாள் கேட்டதிலிருந்து அம்மா சரியாகப் பேசுவதில்லை, திண்ணையிலும் உட்காருவதில்லை. தப்பு செய்யாதவர்களுக்குக் கேமராவைக் கண்டு என்ன பயம்?

– ஒரு வாசகர், ஓசூர்

ப: பயம் என்று யார் சொன்னது? கூச்சம். களி கிண்டிய வேக்காட்டில் முந்தானையை உதறி விசிறிக்கொள்வதும், காலை நீட்டிக் கண்ணயர்வதும், பழசை நினைத்துத் தனக்குத்தானே பேசிக்கொள்வதும் தப்பா? இல்லை. ஆனால் மகன் பார்ப்பான் என்றால் ஒன்றையும் செய்ய முடியாது.

'நான் எப்போதுமா பார்க்கிறேன், ஷிப்டில் போனைத் தொடவே முடியாதே' என்பீர்கள். அங்கேதான் வினையே. 18ஆம் நூற்றாண்டின் கடைசியில் இங்கிலாந்தின் தத்துவ அறிஞர் ஜெரமி பெந்தாம் ஒரு சிறைச்சாலைக்குத் திட்டம் போட்டார். வட்டமாகச் சுற்றிலும் அறைகள், நடுவில் ஒரு கோபுரம். அதில் காவலாளி இருக்கிறானா, இல்லையா என்பது கைதிக்குத் தெரியாது. தெரியாததாலேயே எந்நேரமும் இருக்கிறான் என்று நினைத்து அடங்கி நடப்பான், காவலாளி டீ குடிக்கப் போயிருந்தாலும் சரி. கைதிகளுக்காக யோசித்ததை நீங்கள் காசு கொடுத்து வாங்கிக் கூடத்தில் மாட்டியிருக்கிறீர்கள்.

சூப்பர்வைசர் முதுகுக்குப் பின்னால் வந்து நின்றால் தெரிந்த வேலையிலும் கை தடுமாறுமே, தெரியுமல்லவா? உங்களுக்காவது ஷிப்ட் முடிந்ததும் விடுதலை. அம்மாவுக்கு?

திருட்டு பயம் நியாயம்தான், மறுக்கவில்லை. ஆனால் திருடன் என்றைக்கோ ஒருநாள் வந்தாலும் வரலாம். அம்மா தினமும் அங்கேதான் இருக்கிறார். 'யார் வந்தது?' என்று நீங்கள் விசாரித்ததும் திருடனை இல்லை.

தனியுரிமை அடிப்படை உரிமை என்று 2017இல் உச்ச நீதிமன்றத்தின் ஒன்பது நீதிபதிகள் ஒருமனதாகச் சொன்னார்கள். அதற்காக அம்மா உங்கள் மேல் கேஸ் போடப் போவதில்லை. பேச்சைக் குறைத்துக்கொள்வார். குறைத்துவிட்டார்.

கூடத்திலும் சமையல்கட்டிலும் இருப்பதைக் கழற்றுங்கள். வாசல் கேமரா கேட்டைப் பார்க்கட்டும், அதில் சத்தம் பதிவாவதை நிறுத்துங்கள். எப்போது ஓட வேண்டும், எப்போது அணைக்க வேண்டும் என்பதை அம்மா முடிவு செய்யட்டும். அப்புறம், காவேரிப்பட்டணம் ஒன்றும் கண்காணாத தேசமில்லை. லீவு நாளில் கிருஷ்ணகிரியில் பஸ் மாறி, நேரிலேயே போய்ப் பாருங்கள். திண்ணைக் கேமராவை வீணாக்க மனசில்லை என்றால் மாட்டுக் கொட்டகைப் பக்கம் திருப்பிவிடுங்கள். மாடு ஒன்றும் நினைத்துக்கொள்ளாது.