சுருக்க வழக்கு சம்மன் வந்தால் வாதாடவே முடியாதா?

கேள்வி: அச்சகம் நடத்துகிறேன். காகிதம் சப்ளை செய்தவர், மூன்று பில்களுக்கு 6,40,000 ரூபாய் பாக்கி என்று சிவில் நடைமுறைச் சட்டம் ஆர்டர் 37-இன் கீழ் சுருக்க வழக்குப் போட்டிருக்கிறார். சம்மன் போன வெள்ளிக்கிழமை கைக்கு வந்தது. கடைசி லோடு முழுக்க நனைந்த ரீல்கள். அதன் பில் மட்டும் 2,10,000. அன்றைக்கே வாட்ஸ்அப்பில் படம் அனுப்பினேன். ‘பாத்துச் சொல்றேன்’ என்றவர், அப்புறம் வாயே திறக்கவில்லை. ‘இந்த மாதிரி கேஸில் வாதாட விடமாட்டார்கள்’ என்கிறார் என் ஆடிட்டர். உண்மையா?

பதில்: பாதி உண்மை. சுருக்க வழக்கு என்பது பணப் பாக்கியைச் சீக்கிரம் வசூலிக்க உள்ள வழி. அதில் கோர்ட் அனுமதி கொடுத்தால்தான் பிரதிவாதி எதிர்த்து வாதாட முடியும். அந்த அனுமதியை மனுப் போட்டு நீங்கள்தான் கேட்டு வாங்க வேண்டும்.

பத்திரிகை அச்சாகி வருவதற்குள் கெடு முடிந்துவிடும் என்பதால், முதல் வேலையை உங்களுக்குப் போனிலேயே சொல்லிவிட்டேன். மற்றவர்களுக்காக இங்கே: சம்மன் கிடைத்த பத்து நாளுக்குள் நேரிலோ வக்கீல் மூலமோ ஆஜராகி, நோட்டீஸ் பெற ஒரு முகவரியும் கொடுக்க வேண்டும். இல்லாவிட்டால் வாதி சொன்னதெல்லாம் ஒப்புக்கொள்ளப்பட்டதாக வைத்து டிகிரி (பணத்தைக் கட்டச் சொல்லும் தீர்ப்பாணை) ஆகிவிடும். ஆஜரான பிறகு ‘தீர்ப்புக்கான சம்மன்’ என்று இன்னொன்று வரும். அது கிடைத்ததிலிருந்து மறுபடி பத்து நாள். அதற்குள் அபிடவிட்டோடு (சத்தியப் பிரமாண வாக்குமூலம்) அனுமதி மனு. முதல் சம்மனுக்கு ஆஜரானதோடு வேலை முடிந்தது என்று இரண்டாவதைக் கோட்டை விட்டவர்கள் உண்டு. தகுந்த காரணம் இருந்தால் கோர்ட் தாமதத்தை மன்னிக்கலாம்தான். அதை நம்பிக்கொண்டு உட்காராதீர்கள்.

உங்கள் வழக்கின் உயிரே அபிடவிட்டில்தான் இருக்கிறது. ‘வாதி சொல்வது அத்தனையும் பொய், பைசா பாக்கியில்லை’ என்று யாராவது எழுதி நீட்டினால் கையெழுத்துப் போடாதீர்கள். லோடு வந்த தேதி, பில் எண், எத்தனை ரீல் நனைந்திருந்தது, யார் இறக்கி வைத்தார், படம் அனுப்பிய நேரம், அவர் போட்ட பதில், எல்லாவற்றையும் எழுதி, டெலிவரி சலானையும் வாட்ஸ்அப் பக்கங்களின் பிரிண்டையும் இணையுங்கள். அந்த போனை விற்றுவிடாதீர்கள். விசாரணையில் மின்னணுச் சாட்சியத்துக்குச் சான்றிதழ் தர வேண்டியிருக்கும். வழக்கு வந்த பிறகு கிளப்பிய புகாரை நீதிபதி சந்தேகத்தோடுதான் பார்ப்பார். உங்களுடையது சரக்கு வந்த அன்றே சொன்ன புகார், அதுதான் உங்கள் பலம்.

அந்த ரீல்களை என்ன செய்தீர்கள் என்று மட்டும் நீங்கள் எழுதவில்லை. மெஷினில் ஏற்றி ஓட்டியிருந்தால் அதையும் மறைக்காமல் சொல்லுங்கள். சரக்கை ஏற்றுக்கொண்டுவிட்டாலும், தரக்குறைவுக்காக விலையில் கழிக்கச் சொல்ல 1930-ஆம் ஆண்டு சரக்கு விற்பனைச் சட்டத்தின் 59-ஆவது பிரிவில் வழி இருக்கிறது.

சரி, மீதி 4,30,000? இந்தத் தொகை உங்களுக்கே தகராறு இல்லாதது. பாக்கியில் ஒரு பகுதியை ஒப்புக்கொண்டால், அதைக் கோர்ட்டில் கட்டினால்தான் அனுமதி கிடைக்கும். ஆகவே பணத்தை இப்போதே திரட்டப் பாருங்கள். கட்டுவதற்குப் பயந்து முழுதாக மறுத்தால் இன்னும் மோசம். ஐடிபிஐ டிரஸ்டிஷிப் – ஹப்டவுன் வழக்கில் உச்ச நீதிமன்றம் 2016-இல் சொன்னபடி, நியாயமான தகராறு இருந்தால் பொதுவாக நிபந்தனையில்லாத அனுமதி. பிரதிவாதியின் நேர்மையில் சந்தேகம் வந்தால் பணமோ ஜாமீனோ கட்டச் சொல்லலாம். நம்பவே கடினமான எதிர்வாதம் என்றால், வட்டியோடு முழுத் தொகையையும் கட்டச் சொல்லலாம்.

இன்னொன்று. மூன்று லட்சத்துக்கு மேற்பட்ட வணிகத் தகராறு என்பதால், அவசர இடைக்கால நிவாரணம் கேட்காத பட்சத்தில் வழக்குக்கு முன் சமரச மையத்துக்குப் போயிருக்க வேண்டும். அது கட்டாயம் என்று 2022-இல் உச்ச நீதிமன்றம் சொல்லிவிட்டது. அப்படி உங்களுக்கு நோட்டீஸ் வந்ததா என்று பழைய தபால்களைப் புரட்டுங்கள்.

கேள்வி: நண்பருக்கு வாய்வார்த்தையில் கொடுத்த கடனுக்கும் இதே வழக்குப் போடலாமா?

பதில்: முடியாது. புரோநோட்டு, செக், எழுத்து ஒப்பந்தம் மாதிரி ஏதாவது வேண்டும். சாதாரணப் பண வழக்குப் போடுங்கள். மூன்று வருடக் காலவரம்பைத் தாண்டவிடாதீர்கள்.