ஓவியமும் நவீன இத்தாலிய இலக்கியமும்: ஒரு வகுப்பறையிலிருந்து தொடங்கலாம்

“நவீன இத்தாலிய இலக்கியத்துக்கும் ஓவியத்துக்கும் உண்மையிலேயே நெருங்கிய உறவு உண்டா, அல்லது ஓவியர்களைப் பற்றிச் சில நாவல்கள் இருக்கின்றன என்பதோடு சரியா? எதிலிருந்து படிக்கத் தொடங்கலாம்?” என்று கேட்டிருக்கிறீர்கள்.

உறவு உண்டு. ஓவியரைக் கதைமாந்தராக்குவதைவிட மிக ஆழமான உறவு. இந்தக் கேள்விக்குப் பெரும்பாலும், இருபதாம் நூற்றாண்டின் தொடக்கத்தில் பழமையை உதறிய கலை இயக்கத்தினரான ஃபியூச்சரிஸ்டுகளைத்தான் காட்டுவார்கள். 1909-இல் மரினெத்தி வெளியிட்ட அறிக்கை, 1914-இல் எழுத்துகளைச் சிறிதும் பெரிதுமாகப் பக்கமெங்கும் சிதறவிட்ட அவருடைய ‘ஸாங் தும்ப் தும்ப்’ என்று அந்தப் பட்டியல் தொடங்கும். அச்சுக்கலையின் வரலாற்றில் அதற்குப் பெரிய இடம் உண்டு. ஆனால் பின்னால் வந்த இத்தாலிய உரைநடையின் பார்வையை மாற்றியது அந்த ஆரவாரம் இல்லை என்பது என் உறுதியான எண்ணம். மாற்றியவர் ஒரு கலை வரலாற்றாசிரியர்: ரொபெர்த்தோ லோங்கி (1890–1970).

பதினைந்தாம் நூற்றாண்டு ஓவியர் பியெரோ தெல்லா ஃபிரான்செஸ்கா பற்றி 1927-இல் நூல் எழுதியவர். 1951-இல் மிலானில் கரவாஜ்ஜோ கண்காட்சியை நடத்தி, அந்த ஓவியரைப் பொதுமக்களின் கண்முன் மீண்டும் நிறுத்தியவர். ஒரு படத்தைப் பற்றி எழுதுவதென்றால், அந்தப் படத்துக்கு ஈடான வாக்கியத்தைத் தேடிப் பிடிக்க வேண்டும் என்பது அவர் வழி. ஒளி எந்தத் தோளில் விழுகிறது, துணியின் மடிப்பு எங்கே கனக்கிறது என்பதையெல்லாம் சொல்லால் மறுபடி தீட்டுவார். அவர் எழுதியவை ஆய்வுக் கட்டுரைகள்தான். ஆனாலும் இத்தாலியர்கள் அவரைத் தங்கள் சிறந்த உரைநடைக்காரர்களில் ஒருவராகவே மதிக்கிறார்கள்.

1934 முதல் அவர் பொலோஞ்ஞா பல்கலைக்கழகத்தில் பாடம் நடத்தினார். கேட்டவர்களில் ஒருவர் பின்னாளில் நாவலாசிரியரான ஜார்ஜோ பாஸ்ஸானி, இன்னொருவர் பின்னாளில் கவிஞர், நாவலாசிரியர், திரைப்பட இயக்குநர் என்று அறியப்பட்ட பியெர் பாவ்லோ பசோலினி. இரண்டாமவர் அந்தச் சிறிய வகுப்பறையைப் பல ஆண்டுகள் கழித்தும் நினைவுகூர்ந்து எழுதியிருக்கிறார். திரையில் புகைப்படத் தகடுகள் ஒன்றன்பின் ஒன்றாக விழும். பதினைந்தாம் நூற்றாண்டு ஓவியர் மசோலீனோவின் படத்திலிருந்து ஒரு துண்டு, அதற்கு எதிராக, அவரோடு சேர்ந்து வேலை செய்த மசாச்சோவின் படத்திலிருந்து ஒரு துண்டு. ஒரு கன்னிமரியின் மேலாடைக்கு எதிரே மற்றொரு கன்னிமரியின் மேலாடை. அந்த அறையில் நடந்ததைச் சினிமா என்றே பசோலினி சொல்கிறார்.

அங்கே என்ன கற்றுத்தரப்பட்டது என்பதை நீங்களே பார்க்கலாம். ஃபுளோரன்ஸின் பிரான்காச்சி சிற்றாலயத்தில் எதிரெதிரே இருக்கும் இரண்டு ஆதாம்–ஏவாள் சுவரோவியங்களைத் தேடிப் பாருங்கள். இரண்டும் 1420-களில் வரையப்பட்டவை. மசோலீனோவின் ஆதாமும் ஏவாளும் கனி உண்ணப்போகும் நேரத்திலும் சலனமில்லாமல், அழகாக, எடையே இல்லாதவர்களாக நிற்கிறார்கள். மசாச்சோவின் படத்தில் அவர்கள் துரத்தப்படுகிறார்கள். ஆதாம் இரு கைகளாலும் முகத்தைப் பொத்திக்கொள்கிறான். ஏவாளின் வாய் ஓலத்தில் திறந்து கிடக்கிறது. கால்கள் தரையில் அழுந்துகின்றன, பின்னால் நிழல் விழுகிறது. இரண்டையும் மாறி மாறிப் பார்க்கும் இளைஞனுக்கு, மனித உடலுக்கு எடை உண்டு, அவமானத்துக்கும் ஓர் உடல் உண்டு என்பது புரிந்துவிடும். ரோமின் புறநகர்ச் சேரிப் பையன்களைப் பற்றி 1955-இல் வந்த பசோலினியின் ‘ரகாட்ஸி தி வீத்தா’ நாவலைப் படிக்கும்போது எனக்கு இந்தச் சுவர்தான் நினைவுக்கு வருகிறது. பெரிய படங்களில் அதுவரை இடமே கிடைக்காத மனிதர்களைக் கரவாஜ்ஜோ உள்ளே கொண்டுவந்தார் என்று பசோலினி பின்னாளில் எழுதினார். தன் நாவலில் அவர் செய்ததும் அதுவேதான்.

லோங்கியிடம் தற்கால இத்தாலிய ஓவியம் பற்றி ஆய்வேடு எழுதிக்கொண்டிருந்தார் பசோலினி. 1943 செப்டம்பரில் இத்தாலிய ராணுவம் சிதறியபோது, படையிலிருந்து தப்பி ஓடும் வழியில் கையெழுத்துப் பிரதி தொலைந்துபோனது. பிறகு வேறு தலைப்பில்தான் பட்டம் பெற்றார். ஆனாலும் கடனை மறக்கவில்லை: தன் திரைப்படம் ‘மம்மா ரோமா’வை (1962) லோங்கிக்கே காணிக்கையாக்கினார். அந்தப் படத்தில் சிறையில் பலகையில் கட்டப்பட்டுச் சாகும் பையனை விமர்சகர்கள், பாதங்கள் முன்னால் தெரியும்படி ஓவியர் மந்தேஞ்ஞா வரைந்த இறந்த கிறிஸ்துவோடு ஒப்பிட்டபோது அவருக்குக் கோபம் வந்தது. கால் முன்னாலும் தலை பின்னாலும் இருந்துவிட்டால் மந்தேஞ்ஞாவா? மசாச்சோவும் கரவாஜ்ஜோவும் கலந்திருப்பது கண்ணுக்குத் தெரியவில்லையா? இப்படிக் கேட்டு, லோங்கியைச் சாட்சிக்கு அழைத்தார். அந்தக் கோபம் எனக்கு மிகவும் பிடிக்கும். படத்தை உண்மையாகப் பார்த்தவனுக்குத்தான் அது வரும்.

இனி, நான் மிகவும் நேசிக்கும் நூலுக்கு வருகிறேன். லூச்சியா லோப்ரெஸ்தி என்ற பெண் ரோமில் பள்ளிப் பருவத்தில் லோங்கியின் மாணவி. பின்னர் அவருடைய மனைவி. கலை வரலாற்றுக் கட்டுரைகளோடு எழுதத் தொடங்கியவர், அன்னா பான்த்தி என்று பெயர் மாற்றிக்கொண்டு புனைவுக்கு வந்தார். பதினேழாம் நூற்றாண்டு ஓவியர் ஆர்த்தெமீசியா ஜென்த்திலெஸ்கி பற்றிய நாவல் ஏறக்குறைய முடியும் தறுவாயில் இருந்தபோது, 1944 ஆகஸ்டு வந்தது. பின்வாங்கிய ஜெர்மானியப் படை, பொன்தே வெக்கியோ ஒன்றைத் தவிர ஃபுளோரன்ஸின் பாலங்கள் அனைத்தையும் தகர்த்தது. அந்த அழிவில் கையெழுத்துப் பிரதியும் போனது.

1947-இல் வெளிவந்த ‘ஆர்த்தெமீசியா’ அந்த இழப்பிலிருந்தே தொடங்குகிறது. ஃபுளோரன்ஸின் போபொலி தோட்டத்தில் அடைக்கலம் புகுந்த கூட்டத்தின் நடுவே, சரளைக்கல் பாதையில் உட்கார்ந்து அழுகிறாள் ஒருத்தி. “அழாதே” என்று ஒரு குரல். சொல்பவள் ஆர்த்தெமீசியா. முந்நூறு ஆண்டுகளுக்கு முன் வாழ்ந்தவள், தன் கதையை இழந்தவளைத் தேற்ற வருகிறாள்! அதன்பின் ‘நான்’ என்பது சில இடங்களில் பான்த்தி, சில இடங்களில் ஆர்த்தெமீசியா. இருவரும் வாதாடுகிறார்கள், ஒருவரையொருவர் திருத்துகிறார்கள். வரலாற்று நாவல் என்றால் உடையும் அரண்மனையுமாகத்தான் இருக்கும் என்று நினைப்பவர்கள் இந்த முதல் அத்தியாயத்தைக் கட்டாயம் படிக்க வேண்டும்.

இதன் பின்னணியில் லோங்கி 1916-இல் ஜென்த்திலெஸ்கி தந்தை–மகள் பற்றி எழுதிய கட்டுரை இருக்கிறது. விவிலியக் கதையில் வரும் யூதித்து என்ற பெண், பகைப்படைத் தளபதி ஒலோபெரினின் தலையை அறுக்கிறாள்; ஃபுளோரன்ஸின் உஃபிஸி அருங்காட்சியகத்தில் உள்ள, ஆர்த்தெமீசியா வரைந்த அந்தக் காட்சியைப் பார்த்து அவர் அதில் திகைக்கிறார். டச்சு ஓவியர் வெர்மீருக்குத் தகும் வெண்மையும் குளிர்ந்த நிழலுமாகத் தீட்டிய படுக்கை விரிப்பின்மீதா இப்படி ஒரு கசாப்பு, என்ன பயங்கரமான பெண் இவள், ஒரு பெண்ணா இதை வரைந்தாள் என்று வியக்கிறார். மேதையின் கண், ஆனால் வெளியே நிற்கும் ஆணின் கண். 1612-இல் ரோம் நீதிமன்றத்தில், தன்னைக் கெடுத்த அகொஸ்தீனோ தஸ்ஸிக்கு எதிராக, விரல்களில் கயிறு இறுக்கப்பட்ட நிலையிலும் சொன்ன சொல் மாறாத பெண் அவள். அவளை உள்ளிருந்து எழுத ஆய்வுக் கட்டுரையின் வடிவம் போதவில்லை. அதனால்தான் பான்த்தி நாவலுக்கு வந்தார் என்று நான் நம்புகிறேன். நாவலில் வரும் கணவனும் இல்லறமும் ஆவணங்களோடு முழுக்கப் பொருந்துவதில்லை. ஆர்த்தெமீசியா தன் காதலருக்கு எழுதிய கடிதங்கள் 2011-இல்தான் வெளிவந்தன. அதனால் நாவலின் உண்மை ஒரு துளியும் குறையவில்லை.

1950-இல் லோங்கி தொடங்கிய ‘பாராகோனே’ இதழ் இந்த வீட்டின் இன்னொரு சாட்சி. ஓர் இதழ் கலைக்கு, அடுத்த இதழ் இலக்கியத்துக்கு என்று மாறி மாறி வந்தது. இலக்கியப் பகுதியைப் பான்த்தி கவனித்துக்கொண்டார்.

லோங்கியின் பள்ளியைச் சேராத இருவரையும் சொல்ல வேண்டும். தீனோ புட்ஸாத்தி நாவலாசிரியர், ஓவியரும்கூட. கிரேக்கப் புராணத்தின் ஓர்ஃபியஸ் கதையை மிலான் நகரில் நிகழ்த்தி, 1969-இல் தானே வரைந்த படக்கதை நூலாக்கினார். தமிழ் வாசகர்களுக்குப் பழக்கமான இத்தாலோ கால்வினோ, ‘குறுக்கிடும் விதிகளின் கோட்டை’யில் (1973) குறி சொல்லப் பயன்படும் டாரட் படச் சீட்டுகளை மேசையில் பரப்பி, அவற்றின் படங்களிலிருந்தே கதைகளைப் பிறப்பித்தார். எழுத்து தெரியாத வயதில் ‘கொர்ரியேரே தெய் பிக்கொலி’ சிறுவர் இதழின் சித்திரங்களுக்குத் தானே கதை கட்டியதைப் பின்னாளில் அவரே விவரித்திருக்கிறார். ஆனால் அந்தச் சீட்டுக் கதைகள் எனக்குச் சற்றுக் குளிர்ச்சியாகவே படுகின்றன.

என்ன வரிசையில் படிக்கலாம்? முதலில் ஆர்த்தெமீசியாவின் இரண்டு யூதித்துகளையும் பெரிதாக்கிப் பாருங்கள்: நேபிள்ஸில் இருப்பவள் நீல உடையில், உஃபிஸியில் இருப்பவள் பொன்னிற உடையில். பணிப்பெண் மேலிருந்து ஒலோபெரினை எப்படி அழுத்திப் பிடிக்கிறாள் என்பதையும், சட்டைக் கைகளைச் சுருட்டிக்கொண்டு வேலை செய்பவர்களைப் போல இருவரும் இருப்பதையும் கவனியுங்கள். பிறகு பான்த்தியின் நாவல். நான் படித்தது ஆங்கில மொழிபெயர்ப்பில், எளிதாகக் கிடைக்கிறது. பசோலினியை நாவலிலிருந்து தொடங்காமல் ‘லா ரிகோத்தா’ (1963) குறும்படத்திலிருந்து தொடங்குங்கள். பதினாறாம் நூற்றாண்டு ஓவியர்கள் பொந்தோர்மோ, ரோஸ்ஸோ ஆகியோர் வரைந்த, சிலுவையிலிருந்து கிறிஸ்துவை இறக்கும் காட்சிகளை நடிகர்களை வைத்து வண்ணத்தில் அமைத்திருக்கிறார். பசித்த துணைநடிகனின் கதை முழுக்கக் கறுப்பு வெள்ளையில் நகர்கிறது. பார்த்த பிறகு ‘ரகாட்ஸி தி வீத்தா’வை எடுங்கள்.