பத்து ரூபா குடுக்கலாமா?

கேள்வி: தினமும் அரக்கோணத்துலேர்ந்து மின்சார ரயில்ல வேலைக்கு வர்றேங்க. சென்னை மூர் மார்க்கெட் காம்ப்ளெக்ஸ் ஸ்டேஷன் வாசல்ல பத்து பன்னெண்டு வயசுப் பையன் ஒருத்தன் கர்சீப்ப மூக்குலயே வச்சிக்கிட்டு சுத்துறான், பசிக்குதுன்னு கை நீட்டுறான். காசு குடுத்தா மோந்து போதையேத்துற அந்தக் கருமத்துக்குத்தான் போகும், குடுக்கலன்னா மனசு கேக்கல. என்னதான் பண்றது? – ஒரு வாசகி

பதில்: காசு வேணாம்மா. இட்லி வாங்கிக் குடுங்க, பொட்டலத்தப் பிரிச்சே குடுங்க. பிஸ்கட் பாக்கெட்னா திரும்ப கடையிலயே வித்துடுவாங்க.

கர்சீப்ல இருக்குறது பெரும்பாலும் பஞ்சர் ஒட்டுற சொல்யூஷன், இல்லன்னா எழுத்த அழிக்கிற ஒயிட்னரோட தின்னர். பாட்டில்ல ஒயிட்னர், தின்னர் விக்கக்கூடாதுன்னு 2012லயே மத்திய அரசு சொல்லிடுச்சு, ஆனா சொல்யூஷன் ட்யூப எப்புடி தடை பண்றது, ஊர் பூரா டயர் பஞ்சராகுதே! அதுல இருக்குற டொலுயீன்ங்கற ரசாயனத்தோட ஆவி சில செகண்ட்ல மூளைக்கு ஏறிடும், பசி தெரியாது, குளிரு தெரியாது, ராத்திரி தூங்கும்போது யார் வந்து கைய வைப்பாங்களோங்கற பயமும் தெரியாது. சீக்கிரமே எறங்கிடும், அதான் மறுபடி மறுபடி மோந்துக்கிட்டே இருக்கான்.

ஒண்ணு மட்டும் மறக்காதீங்க, அவன் மோந்துக்கிட்டு இருக்கறப்ப அதட்டாதீங்க, கர்சீப்பப் புடுங்காதீங்க, தொரத்தாதீங்க. அந்த ஆவி ஏறின ஒடம்பு திடீர்னு பயந்தாலோ ஓடினாலோ இதயத் துடிப்பு தாறுமாறாகி அங்கயே உயிர் போயிடலாம், முதல் தடவை மோந்த புள்ளைக்குக் கூட அப்படி ஆகலாம். லத்தியத் தட்டி வெரட்டுறவங்களுக்கும் யாராச்சும் இதச் சொன்னா தேவல.

பேரக் கேளுங்க, மறுநாள் அதே பேரச் சொல்லிக் கூப்புடுங்க. அப்புறம் குழந்தைகளுக்கான உதவி எண் 1098க்கு போன் போடுங்க, காசு கெடயாது, ராத்திரியும் எடுப்பாங்க. புடிச்சிக் குடுத்த பாவம் வருமேன்னு நெனைக்காதீங்க, அவன் குற்றவாளி இல்ல, 24 மணி நேரத்துக்குள்ள குழந்தைகள் நலக் குழு முன்னாடி கூட்டிட்டுப் போகணும், அவங்கதான் வீடா ஹோமான்னு முடிவு பண்ணுவாங்க. 2015 சிறார் நீதிச் சட்டப்படி ஜெயிலுக்குப் போக வேண்டியவன் குழந்தைக்கு சாராயம், புகையிலை, போதைப்பொருள் குடுக்குறவன்தான், 7 வருஷம் வரைக்கும்.

ஹோம்ல விட்டும் ஓடி வரலாம். மோக்குறத விட்ட புதுசுல தூக்கம் வராது, எரிச்சலா வரும், கூட்டாளிங்க வேற ஸ்டேஷன்லயே இருக்காங்க. திரும்பப் பாத்தீங்கன்னா திரும்ப போன் போடுங்க. அந்தக் கூட்டாளிங்களும் பக்கத்துலதான் எங்கயாவது இருப்பாங்க, இட்லி கொஞ்சம் சேத்தே வாங்கிக்குங்க.