ஆசைப்பட்டதால் வந்த நோயா இது?

கேள்வி: எனக்கு 43 வயது. பள்ளியில் கணக்கு டீச்சர். பன்னிரண்டு வருடங்களில் மூன்று முறை டிப்ரஷன் வந்துவிட்டது. கடைசி முறை இரண்டு மாதம் லீவு போட்டுக் கட்டிலிலேயே கிடந்தேன். இப்போது எட்டு மாதமாக நன்றாக இருக்கிறேன், மாத்திரை தொடர்கிறது. இனி வராமல் இருக்க எட்டு வார மைண்ட்ஃபுல்னஸ் (மூச்சையும் உடலையும் மனதையும் உள்ளபடி கவனிக்கும்) பயிற்சியில் சேரும்படி உளவியலாளர் சொல்கிறார். இதற்கிடையில் என் நாத்தனார் பத்து நாள் விபாசனா தியான முகாமுக்குப் போய் வந்தார். "ரெண்டும் ஒண்ணுதான், புத்தர் சொன்னதைத்தான் அவங்க காசு வாங்கிக்கிட்டுச் சொல்லித் தர்றாங்க. பத்து நாள் போயிட்டு வா, மாத்திரையே வேண்டாம். ஆசைதான் துன்பத்துக்குக் காரணம். உனக்குப் பற்று அதிகம், அதான் இந்த வியாதி" என்கிறார். என் மேல் பாசம் உள்ளவர்தான். ஆனால் அதைக் கேட்டதிலிருந்து மனசு சரியில்லை. மாலை நாலு மணிக்கு மேல் நெஞ்சில் ஒரு கனம் வருகிறது, உடனே 'மறுபடியும் வந்துவிட்டதோ' என்று பயம். நான் சஷ்டி விரதம் இருக்கும் முருக பக்தை. புத்த மதப் பயிற்சி செய்யலாமா என்ற உறுத்தலும் இருக்கிறது. என்ன செய்வது?
- பெயர் வெளியிட விரும்பாத வாசகி, தஞ்சாவூர்

பதில்:

அன்புச் சகோதரிக்கு,

உங்கள் கடிதத்தில் என்னை மிகவும் வருத்தியது, "உனக்குப் பற்று அதிகம், அதான் இந்த வியாதி" என்ற வரிதான். எங்கே போவது என்பதை அப்புறம் பார்ப்போம், முதலில் இந்த வரியைப் பேசிவிடலாம்.

அந்த இரண்டு மாதம் எப்படி இருந்தது என்று நினைத்துப் பாருங்கள். ஆசை அதிகமாக இருந்ததா? என்னிடம் வருகிறவர்கள் சொல்வது இதற்கு நேர்மாறாக இருக்கும். பிடித்த குழம்பு வாயில் மண் மாதிரி இருந்தது, பிள்ளை பரிசு வாங்கி வந்து காட்டியும் மனசு அசையவில்லை, குளிக்கக்கூடத் தோன்றவில்லை என்பார்கள். எதன் மீதும் விருப்பம் இல்லாமல் போவது டிப்ரஷனின் முக்கியமான அடையாளங்களில் ஒன்று. அப்படிப்பட்டவரிடம் ஆசையை விடு என்று சொல்வது, பட்டினி கிடப்பவரிடம் உணவைக் குறை என்று சொல்வதற்குச் சமம். உங்களுக்கு வந்தது நோய். பரம்பரை, உடல், வாழ்க்கையில் பட்ட அடிகள், ஏற்கெனவே வந்துபோன நோயின் தடம் என்று அதற்குக் காரணங்கள் பல. உங்கள் குணத்தின் மீது வைக்கும் குற்றச்சாட்டாக அதை யார் சொன்னாலும் ஏற்காதீர்கள்.

புத்தரும் அப்படிச் சொல்லவில்லை. பழைய பௌத்த நூல்களின் மொழியான பாலியில், அவர் துன்பத்துக்குக் காரணமாகச் சொன்ன சொல் 'தண்ஹா'. அதற்கு நேர்ப் பொருள் தாகம். நாம் அதை ஆசை என்று சொல்லிச் சொல்லி, மகள் நன்றாகப் படிக்கட்டும் என்று நினைப்பதையும் பாவக் கணக்கில் சேர்த்துவிட்டோம். நம் மணிமேகலை இந்த இடத்தில் 'வேட்கை' என்கிறது. நீர்வேட்கை என்று சொல்கிறோமே, அந்த வேட்கை. மூலத்துக்கு எவ்வளவு நெருக்கம் பாருங்கள். நல்லதைச் செய்ய வேண்டும் என்ற விருப்பத்துக்குப் பாலியில் 'சந்தம்' என்று தனியாக ஒரு சொல் உண்டு. முயற்சிக்கே அது அடிப்படை என்கிறார்கள்.

புத்தர் தம் முதல் உபதேசத்திலேயே மூன்று வகைத் தாகத்தைச் சொன்னதாக நூல்கள் கூறுகின்றன. புலன் இன்பத்துக்கான தாகம், இன்னது ஆகவேண்டும், நிலைக்கவேண்டும் என்ற தாகம், மூன்றாவது 'விபவ தண்ஹா', இல்லாமல் போக வேண்டும் என்ற தாகம். வேண்டாத ஒன்றை எப்படியாவது தொலைத்துவிடத் துடிக்கும் மனதையும் இதில் சேர்த்து விளக்கும் ஆசிரியர்கள் உண்டு. நாலு மணிக் கனம் வந்ததும் 'ஐயோ, இது போகணும், இப்பவே போகணும்' என்று பதறுகிறீர்களே, அது இதுதான். நவீன உளவியலும் பௌத்தமும் உண்மையாகக் கைகோக்கும் இடமாக நான் பார்ப்பதும் இதைத்தான்.

கொஞ்சம் விளக்குகிறேன். 1990களில் ஜிண்டல் சீகல், மார்க் வில்லியம்ஸ், ஜான் டீஸ்டேல் என்ற மூன்று உளவியலாளர்கள், டிப்ரஷனிலிருந்து மீண்டவர்களுக்கு ஏன் அது திரும்பத் திரும்ப வருகிறது என்று ஆராய்ந்தார்கள். நன்றாக இருக்கும் காலத்தில் அவர்களும் மற்றவர்களைப் போலத்தான். ஆனால் சாதாரணமான ஒரு சோகம் எட்டிப் பார்த்தால் போதும், நோய்க்காலத்து எண்ணங்கள் மொத்தமாகக் கிளம்பி வந்துவிடுகின்றன. 'ஏன் இப்படி இருக்கிறேன், என்னிடம் என்ன குறை, இதை எப்படிச் சரி செய்வது' என்று மனம் கணக்குப் போட ஆரம்பிக்கும். நீங்கள் கணக்கு டீச்சர், உங்களுக்கு இது சட்டென்று புரியும். விடை கிடைக்கிற கணக்கைப் போடலாம். சோகத்தை அப்படிப் போட்டால் தாள் தாளாக நீளுமே தவிர விடை வராது. போடப் போட சோகம் கெட்டியாகும். ஒவ்வொரு முறை நோய் வந்து போன பிறகும், அடுத்த முறை கிளப்பிவிட இன்னும் சின்னத் தூண்டுதலே போதுமானதாகிவிடுகிறது.

அப்போது அவர்கள் கவனத்துக்கு வந்தவர் ஜான் கபட்-ஜின். மூலக்கூறு உயிரியலில் முனைவர் பட்டம் வாங்கியவர், ஜென் தியானமும் விபாசனாவும் பயின்றவர். 1979இல் மாசசூசெட்ஸ் பல்கலைக்கழக மருத்துவமனையில், தீராத வலியோடு இருந்த நோயாளிகளுக்காக எட்டு வாரப் பயிற்சியைத் தொடங்கினார். சரணம், சிலை, கர்மா, மறுபிறவி எதுவும் அதில் இல்லை. மூச்சைக் கவனிப்பது, தலை முதல் கால்வரை உடலைக் கவனிப்பது, ஒரே ஒரு உலர்திராட்சையை நிதானமாகப் பார்த்து, முகர்ந்து, மென்று சாப்பிடுவது, இப்படித்தான் இருந்தது. மூன்று உளவியலாளர்களும் இதை, எண்ணங்களை வேறு விதமாகப் பார்க்கப் பழக்கும் அறிவாற்றல் சிகிச்சையோடு இணைத்தார்கள். உங்கள் உளவியலாளர் சொல்லும் எட்டு வாரம் பெரும்பாலும் இந்த வழியில் வந்ததாகத்தான் இருக்கும். 2000இல் 145 பேரை வைத்து வெளியான அவர்களின் முதல் பெரிய ஆய்வில், மூன்று அல்லது அதற்கு மேற்பட்ட முறை நோய் வந்தவர்களில், வழக்கமான சிகிச்சையில் இருந்தவர்களுக்கு 66 சதவீதம் பேருக்கு ஓராண்டுக்குச் சற்று மேற்பட்ட காலத்தில் நோய் திரும்பியது. பயிற்சியும் பெற்றவர்களில் அது 37 சதவீதம். இரண்டே முறை வந்தவர்களிடம் இந்தப் பலன் தெரியவில்லை. உங்களுக்கு மூன்று முறை வந்திருப்பதால்தான் உளவியலாளர் குறிப்பாக இதைச் சொல்லியிருப்பார் என்று நினைக்கிறேன்.

சரி, நாத்தனார் சொல்வது போல இரண்டும் ஒன்றுதானா? வேர் ஒன்று என்பதில் சந்தேகமே இல்லை. அதை மறைத்து, ஏதோ அமெரிக்காவில் கண்டுபிடித்த சரக்கு என்று விற்கிறவர்கள் மேல் எனக்கும் கோபம் உண்டு. ஆனால் போய்ச் சேரும் ஊர் வேறு. உங்கள் நாத்தனார் போன முகாம், விபாசனாவைப் பல நாடுகளில் பரப்பிய எஸ்.என். கோயங்கா வழியில் வந்தது என்றால், அவருடைய கதையே இதைச் சொல்லும். அவர் பர்மாவில் பெரிய வியாபாரி. கடுமையான ஒற்றைத் தலைவலி. 1955இல் ஊ பா கின் என்ற ஆசிரியரிடம் போனார். ஊ பா கின் துறவி இல்லை, பர்மா அரசின் தலைமைக் கணக்காயராக இருந்தவர். தலைவலி தீர வேண்டும் என்று கோயங்கா கேட்டதும், அதற்காகத்தான் வருகிறாய் என்றால் சேர்க்க முடியாது, இந்த வழியின் நோக்கம் அதைவிடப் பெரியது, மனம் தூய்மையாக வேண்டும் என்று வந்தால் வா என்றார். கோயங்காவே இதைப் பலமுறை சொல்லியிருக்கிறார். அந்த வழியின் குறி பிறவித் துன்பத்திலிருந்து விடுதலை. உளவியலாளரின் குறி, நீங்கள் அடுத்த ஆண்டும் ஒன்பதாம் வகுப்புக்கு இயற்கணிதம் நடத்திக்கொண்டிருப்பது. இரண்டும் மதிப்புக்குரியவை. ஒன்றைக் கேட்கப் போய் இன்னொன்றை வாங்கி வரக் கூடாது.

அதனால் இப்போதைக்குப் பத்து நாள் முகாம் வேண்டாம் என்பதுதான் என் கருத்து. விடியற்காலை நாலு மணிக்கு எழுந்து, ஒரு நாளைக்குப் பத்து மணி நேரம் வரை உட்கார்ந்து, யாரிடமும் பேசாமல் இருக்க வேண்டும். வீட்டுக்கு போன் கிடையாது. நல்ல நிலையில் இருக்கும் மனதுக்கே அது கடும் பயிற்சி. எட்டு மாதம் முன்புதான் எழுந்து நடக்கத் தொடங்கிய மனதுக்கு, பழைய எண்ணங்களோடு தனியாக அடைபட்ட மாதிரி ஆகிவிடலாம். இதைப் பழி சொல்வதற்காக எழுதவில்லை. தீவிரமான மனநோய் உள்ளவர்களுக்கு இது ஏற்றதல்ல என்று அந்த மையங்களே சொல்கின்றன, விண்ணப்பத்திலும் மனநலச் சிகிச்சை பற்றிக் கேட்கிறார்கள். பின்னாளில் போக ஆசை வந்தால் உங்கள் டாக்டரைக் கேட்டுவிட்டு, எதையும் மறைக்காமல் எழுதிக் கொடுத்துவிட்டுப் போங்கள்.

தியானத்தால் யாருக்கும் கெடுதல் வராது என்பதும் சரியில்லை. பாலி நூல்களிலேயே இதற்குச் சாட்சி இருக்கிறது. வைசாலியில், உடலின் அசுத்தத்தை எண்ணும் தியானத்தைப் புத்தர் சொல்லிவிட்டுத் தனிமைக்குப் போனார். திரும்பி வந்தபோது, அந்தத் தியானத்தால் பல பிட்சுகள் உடம்பையே வெறுத்து விபரீத நிலைக்குப் போயிருந்தார்கள். அதன் பிறகு இருந்தவர்களைக் கூட்டி, மூச்சைக் கவனிக்கும் தியானத்தைச் சொல்லிக் கொடுத்தார். ஆளுக்கும் நிலைக்கும் தகுந்த பயிற்சி வேண்டும் என்பது அந்தப் பழைய நூலிலேயே இருக்கிறது.

மாத்திரையை நீங்களாக நிறுத்தவே நிறுத்தாதீர்கள். திடீரென்று விட்டால் தலைசுற்றல், தூக்கமின்மை, எரிச்சல் வரலாம், நோயும் திரும்பலாம். பிரிட்டனில் 424 பேரை வைத்து நடந்து 2015இல் வெளியான ஆய்வில், இந்தப் பயிற்சியைப் பெற்றபடி மாத்திரையைக் குறைத்தவர்களுக்கும், மாத்திரையையே தொடர்ந்தவர்களுக்கும் நோய் திரும்பிய அளவு ஏறக்குறைய ஒன்றாக இருந்தது, இரண்டு ஆண்டுகளில் 44 சதவீதமும் 47 சதவீதமும். அங்கே குறைத்தது மருத்துவரின் மேற்பார்வையில், படிப்படியாக. உங்களுக்கும் அந்த நாள் வரலாம், அதை உங்கள் டாக்டரோடு உட்கார்ந்து முடிவு செய்யுங்கள்.

முருகனைப் பற்றிய உறுத்தலுக்கு வருகிறேன். பயிற்சியில் யாரையும் கும்பிடச் சொல்ல மாட்டார்கள், யாரையும் விடச் சொல்லவும் மாட்டார்கள். மூச்சுக்கு மதம் கிடையாது. காலையில் கவசம் படித்துவிட்டு அரை மணி நேரம் மூச்சைக் கவனித்தால் இரண்டும் மோதாது. வகுப்பில் முதல் நாளே இதை வாய்விட்டுச் சொல்லிவிடுங்கள், உங்களைப் போலவே யோசித்தபடி இன்னொருவர் பக்கத்தில் உட்கார்ந்திருப்பார். ஒரு விஷயம், பயிற்சி தினமும் முக்கால் மணி நேரம் வரை கேட்கும். பரீட்சைத் தாள் திருத்தும் மாதத்தில் தொடங்காதீர்கள்.

அதுவரை அந்த நாலு மணிக்கு என்ன செய்வது? புத்தர் சொன்ன இரண்டு அம்புகளின் உவமை உங்களுக்கு உதவும். ஒருவன் மேல் ஓர் அம்பு தைக்கிறது, வலிக்கிறது. அதை நினைத்து அழுது, நெஞ்சில் அடித்துக்கொண்டு புலம்பும்போது இரண்டாவது அம்பையும் வாங்கிக்கொள்கிறான். நெஞ்சுக் கனம் முதல் அம்பு. 'வந்துவிட்டதோ', 'என் பற்றுதான் காரணமோ' என்பதெல்லாம் இரண்டாவது. கனம் வந்ததும் ஸ்டாஃப் ரூமிலேயே நாற்காலியில் உட்காருங்கள். 'இப்போது நெஞ்சில் கனம், மனதில் பயம்' என்று உள்ளது உள்ளபடி சொல்லிக்கொள்ளுங்கள். ஒரு நிமிடம் மூச்சு வயிற்றில் ஏறி இறங்குவதைக் கவனியுங்கள். பிறகு கவனத்தை உடம்பு முழுக்க விரியவிடுங்கள், நாற்காலியில் முதுகு படுவது, தரையில் பாதம் படுவது. மூன்று நிமிடம் போதும். கனம் போக வேண்டும் என்பதற்காக இதைச் செய்யாதீர்கள், போனால் போகட்டும், இருந்தால் இருக்கட்டும். எழுந்து டீ குடிக்கப் போங்கள்.

அந்தக் கனம் இரண்டு வாரம் தொடர்ந்து நாள் முழுக்க நீடித்தாலோ, தூக்கமும் பசியும் கெட்டாலோ, அடுத்த தேதி வரை காத்திருக்காமல் டாக்டரைப் பாருங்கள். வாழ்வதில் அர்த்தமில்லை என்று ஒரு கணம் தோன்றினாலும் 14416 என்ற அரசின் டெலி மானஸ் எண்ணை அழையுங்கள், எந்த நேரமும் எடுப்பார்கள்.

நாத்தனாரிடம் கோபித்துக்கொள்ளாதீர்கள். அவருக்கு அந்தப் பத்து நாள் நிஜமாகவே நல்லது செய்திருக்கும். "அண்ணி, உங்களுக்குக் கிடைச்சது எனக்குச் சந்தோஷம். எனக்கு டாக்டர் சொன்ன வழியில போறேன். வகுப்பு நடக்கிற அன்னைக்குச் சாயந்திரம் மட்டும் நீங்க வந்து பிள்ளைங்களைப் பார்த்துக்கிறீங்களா?" என்று கேட்டுப் பாருங்கள். மறுக்க மாட்டார் என்று நினைக்கிறேன்.